நேரத்தைத் திருத்தியவர்கள்

மாயவரம் மணிக்கூண்டைச் சுற்றியிருந்த தெருக்களில் ஒரு காலத்தில் வாட்ச் ரிப்பேர் கடைகளுக்குப் பஞ்சமே கிடையாது. கடை என்றால் தனிக்கடை அல்ல. ஜவுளிக்கடை வாசலிலோ மருந்துக்கடை ஓரத்திலோ கண்ணாடி பதித்த ஒரு மரப்பெட்டி, பின்னால் ஒரு ஸ்டூல், தலைக்கு மேல் கழுத்து வளைந்த ஒரு விளக்கு. எங்கள் வீட்டு வாட்ச்சுகள் எல்லாம் போனது பாயிடம்தான். ஊருக்கே அவர் வாட்ச் கடை பாய். வேறு பெயர் சொல்லி யாரும் கூப்பிட்டுக் கேட்டதில்லை.

பழுது பார்க்கிறவர் என்று மட்டும் அவரைச் சொல்ல எனக்கு மனம் வராது. நேரத்தையே கொஞ்சம் நீட்டியும் கொஞ்சம் குறுக்கியும் ஆளுக்கு ஏற்றபடி அளந்து கொடுத்தவர் அவர்.

பின்மூடியைத் திறந்து அவர் காட்டியது இன்னும் கண்ணில் நிற்கிறது. உள்ளே ஒரு சின்னச் சக்கரம் இப்படியும் அப்படியும் ஆடிக்கொண்டே இருக்கும். அதன் நடுவில் முடியைவிட மெல்லிய ஒரு சுருள், ஹேர்ஸ்பிரிங். எச்.எம்.டி. ஜனதாவில் அந்தச் சக்கரம் நொடிக்கு 5 தரம் அடிக்கும். மணிக்கு 18,000, ஒரு நாளைக்கு 4,32,000. சக்கரத்துக்கு மேலே பொடி முள் ஒன்று இருக்கும். அதை ஒரு பக்கம் நகர்த்தினால் சுருளின் ஆடும் நீளம் குறைந்து வாட்ச் முந்தும், மறுபக்கம் நகர்த்தினால் பிந்தும். நகர்த்துவது என்றா சொன்னேன்? குச்சியின் நுனியால் பாய் அதைத் தொடுவார், அவ்வளவுதான். அதற்கே நாளைக்கு ஒரு நிமிஷம் மாறிவிடும்.

அப்பா வாட்ச்சைக் கொண்டுபோன அன்று பாய் கேட்டார்: “ராத்திரி கழட்டி எங்க வைப்பீங்க சார்?”

“ஆணியில மாட்டுவேன் பாய்.”

“மேசையில வைக்கிறதில்லையா?”

“இல்ல, ஆணிதான்.”

அந்த வயதில் எனக்கு இது வேண்டாத விசாரணையாகத்தான் பட்டது. காரணம் பிறகு புரிந்தது. வாட்ச் மல்லாந்து படுத்திருக்கும்போது சக்கரத்தின் அச்சு தன் நுனியில் நிற்கிறது. தொங்கும்போது அச்சின் பக்கவாட்டு உரசுகிறது. உரசல் மாறினால் ஓட்டமும் மாறும். ஒரே வாட்ச் படுத்தால் ஒரு மாதிரி, தொங்கினால் ஒரு மாதிரி. அப்பாவின் வாட்ச்சைப் பாய் தன் பெட்டிக்குள் ஆணியில் மாட்டி வைத்து, திருச்சி வானொலியில் செய்திக்கு முன் வரும் ‘பிப்’ ஒலியோடு தினமும் ஒத்துப் பார்த்தார். ரிப்பேர் கொடுத்தால் ஒரு வாரம் இழுத்தடிக்கிறார் என்று அவர்மேல் ஊரில் ஒரு குறை உண்டு. அந்த ஒரு வாரமும் வாட்ச் சும்மா கிடக்கவில்லை.

மைக் செட் வாடகைக்கு விடும் ஒருவரின் வாட்ச் திருவிழாக் காலத்தில் தறிகெட்டு முந்தும். ஸ்பீக்கர் காந்தம் பட்டுச் சுருளின் வளையங்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதுதான் காரணம். கம்பி சுற்றிய ஒரு வளையத்துக்குள் வாட்ச்சை வைத்து, கரண்ட் போட்டு, மெல்ல வெளியே இழுப்பார் பாய். காந்தம் போய்விடும். வேலை முடிந்ததும் பின்மூடியின் உட்புறத்தில் ஊசியால் தேதியைக் கீறி வைப்பார். அப்பாவின் ஜனதாவில் அப்படிக் கீறிய தேதிகள் வரிசையாக இருக்கின்றன. யார் வீட்டு வாட்ச் எப்போது நின்றது என்ற கணக்கை, வெளியே தெரியாத இடத்தில் எழுதி வைத்த கை அது.

பெங்களூரில் ஜப்பானின் சிட்டிசன் கம்பெனி துணையோடு எச்.எம்.டி. கைக்கடிகாரம் செய்யத் தொடங்கியது 1961-இல். ஜனதா, பைலட், கோஹினூர், சோனா. கல்யாணத்தில் மாப்பிள்ளைக்குக் காஞ்சன் போட்டால் அந்த வீட்டுக்குத் தனி மதிப்பு. பிறகு 1980-களில் ஓசூரிலிருந்து டைட்டன் வந்தது. உள்ளே குவார்ட்ஸ் படிகம், நொடிக்கு 32,768 அதிர்வு. ஆணியில் தொங்கினாலும் மேசையில் படுத்தாலும் ஒரே ஓட்டம். நல்ல சரக்குதான், குறை சொல்ல மாட்டேன். ஆனால் பாய் குச்சியால் தொடுவதற்கு அதில் முள் இல்லை. பெட்டிக்கடைகள் பேட்டரி மாற்றும் கடைகளாகின. பிறகு அதுவும் குறைந்து செல்போன் கவர் தொங்க ஆரம்பித்தது. எச்.எம்.டி. வாட்ச் கம்பெனியை மூட மத்திய அரசு 2016-இல் முடிவெடுத்தது. பாய் அதற்கு வெகுநாள் முன்பே போய்ச் சேர்ந்துவிட்டார். பையன்கள் யாரும் அந்த ஸ்டூலில் உட்காரவில்லை.

சென்னையில் ஒரு கடையில் அப்பாவின் வாட்ச்சைக் காட்டினேன். “உள்ள மெஷினையே எடுத்துட்டு பேட்டரி மெஷின் போட்டுடலாம் அங்கிள், டைம் கரெக்டா காட்டும்” என்றார் அந்தத் தம்பி. பிரியமாகத்தான் சொன்னார். வேண்டாம் என்று திரும்ப வாங்கிக்கொண்டேன். சாவி கொடுத்தால் ஓடுகிறது. ஆணியில் மாட்டினால் பிந்துகிறது. சக்கரத்தின் அச்சு தேய்ந்திருக்க வேண்டும். அந்த அச்சைக் கடைந்து போடத் தெரிந்தவர் கும்பகோணத்திலோ நாகப்பட்டினத்திலோ யாராவது இருந்தால் சொல்லுங்கள். ஒரு வாரம் அல்ல, ஒரு மாதம் வைத்துக்கொண்டாலும் சரி, நேரில் கொண்டு வந்து கொடுக்கிறேன்.