சாம்பலிற் பழுத்த முந்திரிகை

முந்திரிகைத் தோட்டம் என்றவுடன் யாழ்ப்பாணத்தவராகிய எமக்கு நினைவில் எழுவது பந்தலே. கிணற்றடியிலிருந்து வாய்க்கால் வழியே ஓடிவரும் நீரும், பச்சைப் பந்தலின் கீழே தொங்கும் குலைகளும், பழம் விற்ற காசில் பிள்ளையின் படிப்புச் செலவைக் கணக்கிடும் தோட்டக்காரருமே அக்காட்சியின் உறுப்புகள். பந்தலும் இன்றி, நீரிறைப்பும் இன்றி, மழையும் அநேகமாக இன்றி, எரிமலைச் சாம்பலின் நடுவே முந்திரிகை விளையும் ஓர் ஊர் உண்டென்றால் நம்மிற் பலர் அதைப் புன்முறுவலுடனேயே கேட்பர். அத்தகைய ஓரிடத்தைக் கண்ணாரக் கண்டு மீண்டோமாதலின், அச்செய்தியை வாசகர் முன் வைக்கிறோம்.

அவ்விடத்தின் பெயர் லன்சரோட்டே. ஸ்பெயின் நாட்டுக்குரிய கனேரித் தீவுகளுள் ஒன்றாகிய அது, ஆபிரிக்கக் கரைக்கு அப்பால் ஏறத்தாழ 130 கிலோமீற்றர் தொலைவில், அத்திலாந்திக் சமுத்திரத்திற் கிடக்கிறது. பரப்பு சுமார் 846 சதுர கிலோமீற்றர். எமது யாழ்ப்பாண மாவட்டத்திலும் சற்றுச் சிறியது. ஆண்டொன்றுக்குப் பெய்யும் மழையோ ஏறக்குறைய 150 மில்லிமீற்றர்தான். யாழ்ப்பாணத்து மழையில் அது எட்டில் ஒரு பங்கு. ஆறு என்று சொல்லத்தக்கது அங்கே ஒன்றுமில்லை.

மது அருந்தும் வழக்கமில்லாத குடும்பத்தவர் வைன் சாலைகளைக் காணக் கடல் கடப்பானேன் என்று சுற்றத்தார் சிலர் வினவினர். தவறணைக்குப் போவதாக எண்ணினர் போலும்! ஐரோப்பாவில் வதியும் உறவினரிடம் சென்ற நாம், ஸ்பானிய மொழி பயின்ற எம் பெறாமகளின் துணையுடன் அத்தீவுக்குப் போனது, வரண்ட நிலத்தில் மனிதர் செய்யும் வேளாண்மையைப் பார்ப்பதற்கேயாம்.

ஓகஸ்ட் மாதத்துக் காலைப்பொழுதில் ஊகா என்னும் சிற்றூரைக் கடந்து லா ஹேரியா பள்ளத்தாக்கிற் புகுந்தோம். இருமருங்கும் கருமை. மலைகள் கரியன, நிலமும் கரியது. அக்கருநிலமெங்கும் ஆயிரமாயிரம் வட்டக் குழிகள். ஒவ்வொரு குழியின் விளிம்பிலும் சாந்து பூசாமல் அடுக்கிய கல்லினால் பிறைவடிவில் ஓர் அணை. குழியின் அடியில் ஒற்றை முந்திரிகைக் கொடி, பச்சைப் பசேலெனத் தரையிற் படர்ந்து கிடந்தது. "இராட்சதர் விளையாடும் பல்லாங்குழி!" என்றான் எம் இளைய மகன். அதனிலும் பொருத்தமான உவமை எமக்குத் தோன்றவில்லை. ஆங்காங்கே வெள்ளை பூசி, பச்சைக் கதவிட்ட வீடுகள். அவற்றுட் சிலவே வைன் தயாரிக்கும் சாலைகள்.

இக்காட்சியின் பின்னால் ஒரு பெருந்துயரம் உண்டு. 1730ஆம் ஆண்டு செப்டெம்பர் 1ஆம் திகதி இரவு, ஒன்பது மணிக்கும் பத்து மணிக்கும் இடையில், திமன்பாயா என்னும் ஊரின் அருகே நிலம் பிளந்து தீயைக் கக்கியது. யாய்சா ஊரின் பங்குத் தந்தையாகிய அந்திரேஸ் லொரென்சோ கூர்பெலோ என்பார் தாம் கண்டவற்றை நாள்வாரியாக எழுதிவைத்தார். ஊர்கள் ஒன்றன்பின் ஒன்றாய்த் தீக்குழம்பில் அமிழ்ந்ததும், கால்நடைகள் நச்சுக் காற்றில் மாண்டதும், மீன்கள் இறந்து கரையொதுங்கியதும் அக்குறிப்புகளால் நாம் அறிகிறோம். 1731ஆம் ஆண்டின் இறுதியில் அவரும் தம் மக்களுடன் கிரான் கனேரியாத் தீவுக்குப் புறப்பட நேர்ந்தது. குறிப்புகளும் அத்துடன் நின்றன. எரிமலையோ 1736ஆம் ஆண்டு ஏப்பிரல் வரையும் ஓயவில்லை. தீவின் நாலில் ஒரு பங்கு நிலம் தீக்குழம்பாலும் சாம்பலாலும் மூடுண்டது. தானியம் விளைந்த நல்ல வயல்களே பெரிதும் அழிந்தன.

திரும்பி வந்தவர்கள் கண்டது தம் வயலையன்று. அதன்மேற் குவிந்த கருஞ்சாம்பலையே. ஆயினும் அவர்கள் ஒன்றைக் கூர்ந்து நோக்கினர். சாம்பல் மெல்லிதாய்ப் படிந்த இடங்களிற் பயிர் முன்னையிலும் செழித்தது. அதன் காரணத்தை மாணவர்கள் அறிந்துகொள்ளல் நன்று. ரோபே என அவ்வூரவர் அழைக்கும் இச்சாம்பல் மாவைப் போன்றதன்று. நுண்ணிய துவாரங்கள் நிறைந்த சிறு கற்பரல். இரவிற் கடற்காற்றுக் கொணரும் ஈரத்தை அது ஏற்று உள்ளே விடுகிறது. பகலில் வெயிலுக்கும் மண்ணுக்கும் இடையே போர்வையாய்க் கிடந்து, மண்ணின் ஈரம் ஆவியாகாமற் காக்கிறது. பெய்யும் சிறுமழையும் ஓடி வீணாகாமற் கீழே இறங்கிவிடுகிறது.

ஆனால் கொடியின் வேருக்குச் சாம்பல் போதாது, மண் வேண்டும். ஆதலின் மூடுண்ட பழைய மண் வெளிப்படும்வரை அம்மக்கள் தோண்டினர். சில குழிகள் இரண்டு, மூன்று மீற்றர் ஆழமுடையன. அடியிலுள்ள மண்ணிற் கொடியை நட்டு, மேலே சாம்பலைப் பரப்பி, ஓயாது வீசும் வடகீழ்க் காற்றுக்கு எதிராகக் கல்லணை கட்டினர். ஒரு குழிக்கு ஒரு கொடி, மிஞ்சினால் இரண்டு. ஆகவே ஐரோப்பியத் தோட்டங்களில் ஒரு ஹெக்டயருக்குப் பல்லாயிரம் கொடிகள் நிற்க, இங்கே சில நூறு மாத்திரமே நிற்கின்றன. உழவு இயந்திரம் இக்குழிகளில் இறங்காது. நடுவதும், கத்தரிப்பதும், பறிப்பதும் கையாலேயே ஆகவேண்டும்.

நாம் சென்ற வேளை அறுவடைக்காலம். ஐரோப்பிய நாடுகளுக்குரிய நிலங்களுள் மிக முந்தி முந்திரிகை பறிக்கப்படும் இடங்களுள் லன்சரோட்டே ஒன்று. ஒரு தோட்டத்தில் முதியவர் ஒருவர் குழிக்குட் குனிந்து பழம் பறித்துக்கொண்டிருந்தார். எம்மைக் கண்டதும் நிமிர்ந்து, வெண்ணிறக் குலையொன்றைப் பிள்ளைகளிடம் நீட்டினார். அது மல்வசியா என்னும் இனம். பழம் சிறியது, தோல் தடித்தது, இனிப்பின் அடியில் ஒரு புளிப்பு. எம் பெறாமகள் மொழிபெயர்க்க, நெடுநேரம் உரையாடினோம்.

"இக்குழியைத் தோண்டியவர் யார், ஐயா?" என்று கேட்டோம்.

"எவரென்று எனக்குத் தெரியாது. என் பாட்டனாருக்கும் தெரியாது. தூர்ந்துபோகாமற் பார்ப்பதே எங்கள் வேலை" என்றார் அவர்.

காற்று நாள்தோறும் சாம்பலைக் குழிக்குள் தள்ளும், கல்லணை சரியும், இரண்டையும் மனிதன் கையாற் சீர்செய்தல் வேண்டும். இரண்டு மூன்று வருடங்கள் கவனியாது விட்டால் குழி மறையத் தொடங்கும் என்றார். அவருடைய ஆண்மக்கள் இருவரும் கடற்கரை விடுதிகளில் வேலை பார்க்கின்றனர். "மாதம் முடிந்தாற் சம்பளம். குழி அப்படிச் சம்பளம் தராதே!" என்று சொல்லிச் சிரித்தார். அச்சிரிப்பிற் குறை கூறும் தொனி இருக்கவில்லை.

பின்பு எம்மைப் பற்றி வினவினார். 1990ஆம் ஆண்டில் வலிகாமம் வடக்கை விட்டு வெளியேறியதையும், பல ஆண்டுகளின் பின் திரும்பிச் சென்றபோது எம் செம்மண் தோட்டத்தில் எல்லைவேலி எதுவெனத் தெரியாதவாறு பற்றை மூடிக் கிடந்ததையும், கிணற்றைத் தேடிக் கண்டு தூர்வாரியதையும் சுருக்கமாய்ச் சொன்னோம். அவர் சிறிது நேரம் பேசவில்லை. பின்னர், "தண்ணீர் இருந்ததா?" என்று மாத்திரம் கேட்டார். இருந்தது என்றோம். "அப்படியானால் நன்று" என்று கூறி, மீண்டும் குழிக்குட் குனிந்தார். ஆறுதல் கூற எத்தனையோ பேர் எத்தனையோ வார்த்தைகளைச் சொல்லியிருக்கின்றனர். ஒரு விவசாயி கேட்கவேண்டிய கேள்வியைக் கேட்டவர் இவரே.

அன்று பிற்பகல் எல் கிரீபோ என்னும் வைன் சாலையைப் பார்வையிட்டோம். 1775ஆம் ஆண்டில் தொடங்கிய இது, கனேரித் தீவுகளிலேயே மிகப் பழையது. கரிய எரிமலைக் கல்லாலான பழைய கட்டடத்திற் பண்டைய பிழிபொறிகளையும் மரப் பீப்பாய்களையும் காட்சிக்கு வைத்துள்ளனர். வாயிலில் நிற்கும் கற்பனைப் பறவையின் சின்னம், இத்தீவிற் பிறந்த ஓவியர் செசார் மன்ரிக்கே வரைந்தது.

அங்கே மற்றொரு செய்தியும் எம் கருத்தைக் கவர்ந்தது. 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பிலொக்செரா என்னும் நுண்பூச்சி ஐரோப்பாவின் முந்திரிகைத் தோட்டங்களைப் பாழ்படுத்தியது. அப்பூச்சியைத் தாங்கும் அமெரிக்க இனத்து வேரில் ஒட்டியே இன்று பெரும்பாலான நாடுகளிற் கொடி வளர்க்கின்றனர். கனேரித் தீவுகளை அது அன்று தீண்டவில்லை. லன்சரோட்டேயின் கொடிகள் தம் சொந்த வேரிலேயே நிற்கின்றன. ஆனால் 2025ஆம் ஆண்டில் அயல் தீவாகிய தெனெரீபேயில் அப்பூச்சி கண்டறியப்பட்டது. அதே ஆண்டில், ஐக்கிய நாடுகளின் உணவு விவசாய நிறுவனம் லன்சரோட்டேயின் வேளாண் முறையை உலக முக்கியத்துவம் வாய்ந்த வேளாண் மரபுரிமைகளுள் ஒன்றாக ஏற்றுக்கொண்டது. பெருமையும் அச்சமும் ஒரே ஆண்டில் வந்து சேர்ந்தன.

வைன் நமக்கு வேண்டாம். ஆயின் அம்மக்களிடம் நாம் கற்கத்தக்கது உண்டு. அழிவு நேர்ந்தபின் நிலத்தைக் கைவிடுவதும் எளிது. பழையபடியே பயிரிடுவோம் எனப் பிடிவாதம் செய்வதும் எளிது. அவர்கள் இரண்டையும் செய்யவில்லை. தானியத்தை விட்டுக் கொடிக்கு மாறினர். அழிக்க வந்த சாம்பலின் இயல்பை ஆராய்ந்து, அதனையே நீர்காக்கும் போர்வையாக்கினர். நமது செம்மண்ணிலும் கிணறுகள் உவர்ப்பதையும், நிலத்தடிநீர் பழுதடைவதையும் பற்றி நாள்தோறும் பேசுகிறோம். பந்தலையும் வாய்க்காலையும் காக்க விரும்பும் நாம், ஒரு துளி ஈரத்தையும் வீணாக்காத அந்தக் குழிகளை எண்ணிப் பார்த்தல் தகும்.

வேளாண்மை பயிலும் மாணவர்களுக்கு ஒன்று சொல்வோம். கல்லணையையும் குழியையும் நூலிற் படித்து அறியலாம். அவற்றைத் தூர்ந்துபோகாமற் காக்க, நாள்தோறும் குனிந்து நிமிர ஓர் ஆள் வேண்டும். அந்த ஆள் இல்லாதவிடத்து, எந்த மரபுரிமைப் பட்டயமும் ஒரு குலை பழத்தைத் தராது.