பெயரில்லாத கல்லறை

பெலேவை நமக்குத் தெரியும், மரடோனாவைத் தெரியும். ஆர்தர் வார்ட்டனை நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்?

1865-இல் இன்றைய கானாவின் அக்ராவில் பிறந்தவர் அவர். படிக்க இங்கிலாந்து வந்தார். 1886-இல் நூறு கெஜ ஓட்டத்தைப் பத்தே விநாடியில் ஓடி அந்நாட்டின் சாம்பியன் ஆனார். பிரஸ்டன் நார்த் எண்ட் அணியின் கோல்கீப்பராக இருந்தார். 1889-இல் ராதர்ஹாம் டவுன் அணியில் சம்பளத்துக்கு ஆடச் சேர்ந்தார். உலகின் முதல் கறுப்பினத் தொழில்முறைக் கால்பந்து வீரர் என்று இன்று அவரைக் கொண்டாடுகிறார்கள்.

இந்தக் கொண்டாட்டத்தை அவர் பார்க்கவில்லை தோழர்களே. ஆட்டம் ஓய்ந்தபின் நிலக்கரிச் சுரங்கத்தில் கூலியாக உழைத்தார். 1930-இல் இறந்தபோது, எட்லிங்டனில் பெயர்க்கல்கூட இல்லாமல் புதைக்கப்பட்டார்.

67 ஆண்டுகள் அப்படியே கிடந்த அந்தக் குழிக்கு 1997-இல்தான் கல் வந்தது. ஷெஃபீல்டில் கால்பந்தின் இனவெறியை எதிர்த்து இயங்கியவர்கள் விடாமல் முயன்றதால் வந்தது. 2014-இல் இங்கிலாந்தின் தேசியக் கால்பந்து மையத்தில் சிலையும் எழுந்தது.

சாதனை செய்தால் போதும், உலகம் தானாக நினைவில் வைத்துக்கொள்ளும் என்று நமக்குச் சொல்லித் தருகிறார்கள். வார்ட்டனின் சாதனைகள் அன்றே பதிவாகியிருந்தன. அவற்றைத் தேடி எடுத்துப் பேச ஆட்கள்தான் இல்லை. அந்த வேலை நம்முடையது.