அறைகள் நிரம்புகின்றன, ஆட்கள் எங்கே?

ஒவ்வொரு மாதமும் முதல் வாரத்தில் எங்கள் பத்திரிகைகளில் ஒரு செய்தி தவறாமல் வரும். கடந்த மாதம் இலங்கைக்கு இத்தனை ஆயிரம் சுற்றுலாப் பயணிகள் வந்தார்கள், போன வருடம் இதே மாதத்தை விட இத்தனை வீதம் கூடுதல் என்று. அதைப் பார்த்துவிட்டு, கனடாவிலும் லண்டனிலும் இருக்கும் உறவினர்கள் தொலைபேசியில் கேட்பார்கள்: "உங்கட பழைய தொழில் இப்ப நல்லாப் போகுதாமே?"

ஓம் என்றும் சொல்லலாம், இல்லை என்றும் சொல்லலாம். நான் 1979 இல் கொழும்பில் ஒரு பெரிய ஹோட்டலின் கணக்குப் பிரிவில் எழுதுவினைஞராகச் சேர்ந்து, 2011 இல் ஓய்வு பெற்றவன். அதில் ஒன்பது வருடம் நைட் ஓடிட்டர். அந்த வேலை என்னவென்று பலருக்குத் தெரியாது. இரவு பதினொரு மணிக்கு வந்து, அன்றைய அறை வாடகை, சாப்பாடு, பார், சலவை, தொலைபேசி எல்லா பில்களையும் ஒவ்வொரு அறைக் கணக்கிலும் ஏற்றி, விடியுமுன் நாளை மூடிக் கொடுக்க வேண்டும். காலை ஆறு மணிக்கு முகாமையாளரின் மேசையில் ஒரு தாள் இருக்கும். அதில் முதலில் அவர் பார்ப்பது இரண்டு எண்கள். நூறு அறையில் எத்தனை அறை நிரம்பியது? நிரம்பிய அறை சராசரியாக என்ன விலைக்குப் போனது?

இந்த இரண்டையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும். நூறு அறையில் தொண்ணூறு அறையை 50 டொலருக்கு விற்றால் 4,500 டொலர். அறுபது அறையை 90 டொலருக்கு விற்றால் 5,400 டொலர். பின்னையதில் வருமானம் கூட, படுக்கை விரிப்பு துவைக்கும் செலவும் குறைவு. ஆனால் பத்திரிகையில் வருவது எப்போதும் தலை எண்ணிக்கைதான்.

நாட்டுக் கணக்கையும் அப்படியே பார்ப்போம். 2018 இல் 23 இலட்சத்து 33 ஆயிரம் பேர் வந்தார்கள், வருமானம் 438 கோடி டொலர். 2024 இல் 20 இலட்சத்து 53 ஆயிரம் பேர் வந்தார்கள், வருமானம் 317 கோடி டொலர். ஆட்கள் எட்டில் ஒரு பங்கு குறைவு, காசு நாலில் ஒரு பங்குக்கு மேல் குறைவு. தலைக்குக் கணக்குப் பார்த்தால் ஏறக்குறைய 1,880 டொலர் இருந்த இடத்தில் 1,540 டொலர். கூட்டம் திரும்பி வந்துவிட்டது என்பது உண்மை. பழைய காசு திரும்பி வரவில்லை என்பதும் உண்மை.

ஆனால் நான் சொல்ல வந்தது இந்த இரண்டு எண்களையும் பற்றி அல்ல. அந்தத் தாளில் இல்லாத மூன்றாவது எண் ஒன்று இருக்கிறது. அதைச் சொல்வதற்குக் கொஞ்சம் பின்னுக்குப் போக வேண்டும்.

இலங்கையில் சுற்றுலாச் சபை 1966 இல் அமைக்கப்பட்டது. அந்த வருடம் வந்தவர்கள் 19 ஆயிரம் பேர்தான். பிறகு பெந்தோட்டையில் ஜெஃப்ரி பாவா கட்டிய ஹோட்டல், கொழும்புக் கோட்டையில் இன்டர்கொன்டினென்டல் என்று ஒவ்வொன்றாக எழும்பின. 1982 இல் 4 இலட்சத்து 7 ஆயிரம் பேர் வந்தார்கள். ஜெர்மன்காரரும் பிரெஞ்சுக்காரரும் விமானம் விமானமாக வந்து இறங்கிய காலம். கிழக்கில் பாசிக்குடாவிலும் நிலாவெளியிலும் கூட நல்ல ஹோட்டல்கள் நடந்தன. எங்களுக்கு விடுமுறை எடுக்கவே முடியாது.

அடுத்த வருடம் யூலை வந்தது. வெள்ளவத்தையில் நான் வாடகைக்கு இருந்த அறை எரிந்துபோனது. அன்று இரவுக் கடமையில் நின்றதால் உயிர் தப்பினேன். ஹோட்டலில் வேலை செய்த தமிழர்களை நான்கு நாள் சலவைப் பிரிவுக்குள் வைத்திருந்து, சாப்பாடு கொண்டுவந்து தந்தவர்கள் சிங்களச் சக ஊழியர்கள். பிறகு அகதி முகாம், அங்கிருந்து கப்பலில் காங்கேசன்துறை. நாலு மாதம் கழித்துப் பிரதம கணக்காளர் "உங்கள் இடம் காலியாகவே இருக்கிறது, வாருங்கள்" என்று கடிதம் போட்டார். திரும்பிப் போனேன். என்னோடு வேலை செய்த தமிழர்களில் பாதிப் பேர் திரும்பவில்லை. அவர்களில் ஒருவர், மீன் வெட்டுவதில் அந்த ஹோட்டலிலேயே கெட்டிக்காரர், பிறகு பாரிஸில் பாத்திரம் கழுவியதாகக் கேள்விப்பட்டேன்.

1987 இல் வந்தவர்கள் 1 இலட்சத்து 82 ஆயிரம். ஐந்து வருடத்தில் பாதிக்கும் கீழே. அந்த நாட்களில் ஹோட்டல்கள் எப்படிப் பிழைத்தன என்று கேட்பீர்கள். விமானப் பணியாளர்கள், வெளிநாட்டு நிருபர்கள், தொண்டு நிறுவனத்தார், பிறகு உள்ளூர்க் கல்யாணங்கள். கல்யாண மண்டபம்தான் எங்களுக்குச் சோறு போட்டது. 1996 இல் மத்திய வங்கிக் குண்டு, 1997 இல் கலதாரி ஹோட்டலின் வாகனத் தரிப்பிடத்தில் குண்டு. இரண்டு முறையும் கோட்டைப் பக்கத்து ஹோட்டல்களில் கண்ணாடி கூட்டி அள்ளினார்கள், புதுக் கண்ணாடி போட்டார்கள், மறுபடி திறந்தார்கள்.

இப்போது அந்த மூன்றாவது எண்ணுக்கு வருகிறேன். ஹோட்டல் பில்லில் பத்து வீதம் சேவைக் கட்டணம் என்று ஒரு வரி இருக்கும். சாப்பிட்டவர்கள் அதைப் பார்த்து முகம் சுளிப்பார்கள், மேலே 18 வீத வற் வரியும் ஏறுவதால் கோபம் இன்னும் கூடும். அந்தப் பத்து வீதம் முதலாளிக்குப் போவதில்லை. எங்கள் ஹோட்டலில் மாத முடிவில் அதை ஒன்றாகத் திரட்டி, உடைந்த கோப்பை பீங்கானுக்கென்று ஒரு சிறு பங்கு கழித்து, மிச்சத்தை ஊழியர்களுக்குப் பிரிப்போம். பிரித்துக் கணக்கெழுதியவன் நான் என்பதால் நன்றாகத் தெரியும்: டிசம்பர், ஜனவரியில் ஒரு றூம் போயின் சேவைக் கட்டணப் பங்கு, அவருடைய அடிப்படைச் சம்பளத்தைப் போல இரண்டு மடங்கு, சில வருடம் மூன்று மடங்கு வரும். மே, யூனில் அரை மடங்கு கூட வராது.

இதன் பொருள் என்ன? வெளிநாட்டவர் வராவிட்டால் முதலாளிக்கு இலாபம் குறையும். தொழிலாளிக்கோ அந்த மாதமே வீட்டுச் செலவுக் காசு போய்விடும். எங்கள் ஹோட்டலில் ஊழியர் சேமலாப நிதியையும் அடிப்படைச் சம்பளத்தில்தான் கணித்தோம். முப்பது வருடம் கை நிறையச் சம்பாதித்த மாதிரித் தோன்றிய ஒரு ஸ்டுவார்ட், ஓய்வு பெறும்போது எடுத்துப்போன தொகை மிகச் சிறியது. அந்தக் காசோலைகளையும் நான்தான் எழுதினேன். வாங்கியவர்கள் ஒன்றும் கேட்கவில்லை. இரண்டு தரம் பார்த்துவிட்டு மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்கள்.

யுத்தம் முடிந்த பிறகு வந்த பத்து வருடத்தில் எல்லோரும் இதை மறந்தார்கள். 2010 இல் 6 இலட்சத்து 54 ஆயிரம் பேர், 2018 இல் 23 இலட்சம். காலிமுகத்திடலில் ஷங்ரிலா வந்தது. பாசிக்குடாவில் வரிசையாகப் புது ஹோட்டல்கள். எல்லவிலும் மிரிஸ்ஸவிலும் அறுகம்பையிலும் வீட்டுக்கு வீடு இரண்டு அறை கட்டி இணையத்தில் போட்டார்கள். ஊழியர்கள் சேவைக் கட்டணத்தை நம்பிக் கடன் எடுத்தார்கள். வங்கியும் அதை வருமானமாக ஏற்றுக்கொண்டது.

2019 ஏப்ரல் 21, உயிர்த்த ஞாயிறு. தேவாலயங்களோடு கொழும்பில் மூன்று ஹோட்டல்கள் தாக்கப்பட்டன. காலைச் சாப்பாட்டு நேரம். இறந்தவர்களில் பரிமாறிக்கொண்டு நின்ற பிள்ளைகளும் உண்டு. அதிலிருந்து எழும்பு முன்னர் 2020 மார்ச்சில் விமான நிலையம் மூடப்பட்டது. 2021 முழுவதற்கும் வந்தவர்கள் 1 இலட்சத்து 94 ஆயிரம். 1987 இன் எண்ணிக்கைக்குக் கிட்ட, ஆனால் அறைகளோ பல மடங்கு. பிறகு 2022: எரிபொருள் வரிசை, பதின்மூன்று மணி நேர மின்வெட்டு, டொலருக்கு 200 ரூபாவாக இருந்தது 360 ஆனது.

முதலாளிமாருக்குக் கடன் தவணையைத் தள்ளிப்போட அரசு இடம் கொடுத்தது. வேண்டியதுதான், அல்லாவிட்டால் பாதி ஹோட்டல் ஏலத்துக்குப் போயிருக்கும். 2023 அக்டோபரில் கொழும்பு ஐந்து நட்சத்திர ஹோட்டல்களுக்கு அறைக்குக் குறைந்தது 100 டொலர் என்று அடிமட்ட விலை கட்டினார்கள், அடுத்த வருடமே எடுத்துவிட்டார்கள். அதைப்பற்றிப் பத்திரிகைகளில் பெரிய வாதம் நடந்தது. அறைக்கு அடிமட்ட விலை வேண்டுமா என்று வாதாடினோம். சேவைக் கட்டணத்துக்கு அடிமட்டம் வேண்டுமா என்று ஒருவரும் கேட்டதாக எனக்கு நினைவில்லை. கொரோனா காலத்தில் வீட்டில் இருத்தப்பட்ட தொழிலாளிக்குச் சம்பளத்தில் பாதி அல்லது 14,500 ரூபா, எது கூடவோ அது என்று ஓர் உடன்பாடு வந்தது. அடிப்படைச் சம்பளத்தில் பாதி, அவ்வளவுதான். அவர்கள் கடன் எடுத்தது அந்தச் சம்பளத்தை நம்பியல்லவே.

எனக்குத் தெரிந்த ஒரு தம்பி இருக்கிறார். பண்டாரவளைப் பக்கத்துத் தோட்டத்திலிருந்து பதினெட்டு வயதில் எங்கள் ஹோட்டலுக்கு வந்தவர். அறை துப்புரவாக்குவதில் தொடங்கி, நான் ஓய்வு பெறும்போது ஒரு மாடிக்கு மேற்பார்வையாளர். அவர் விரித்த படுக்கையில் ஒரு சுருக்கம் இருக்காது. எந்த விருந்தாளி இரண்டு தலையணை கேட்பார், யாருக்கு ஜன்னல் திரை மூடியிருக்க வேண்டும் என்பதெல்லாம் மனதில் வைத்திருப்பார். 2019 இல் ஊரில் அரைவாசி கட்டிய வீட்டோடு கடனில் நின்றார். 2021 இல் மாலைதீவுக்குப் போனார். சென்ற வருடம் விடுமுறையில் வந்தபோது என்னைப் பார்க்க வந்தார்.

"இப்ப இங்க எல்லாம் நிரம்புதே, திரும்பி வரலாம்தானே?" என்று கேட்டேன்.

"அங்க சர்வீஸ் சார்ஜ் டொலர்ல வருது சேர். இங்க வந்தா, எந்த நாட்டுல சண்டை, எந்த இடத்துல குண்டுன்னு நியூஸ் பார்த்துக்கிட்டே இருக்கணும். பிள்ளைங்களுக்கு நான் எதை நம்பிச் சொல்றது?" என்றார். வீடு கட்டி முடிந்துவிட்டதாம். படம் காட்டினார். அந்த வீட்டில் அவர் வருடத்துக்கு ஒரு மாதம் இருக்கிறார்.

அவரைப் போல எத்தனை பேர்? இப்போது மாலைதீவு, துபாய், கட்டார் ஹோட்டல்களில் நம் நாட்டவர் இல்லாத சமையலறை அரிது என்று போய் வந்தவர்கள் எல்லோரும் சொல்கிறார்கள். இங்கே மிச்சமிருப்பது மேலே வயதானவர்கள், கீழே மூன்று மாதப் பயிற்சியோடு வந்த பிள்ளைகள். நடுவில் பத்து, பதினைந்து வருட அனுபவக்காரர்களைக் காணோம். ஒரு ஹோட்டலைத் தினமும் ஓட்டுவது அந்த நடு வரிசைதான். அண்மையில் உறவினர் கல்யாணம் ஒன்றுக்குக் கொழும்பில் ஒரு நல்ல ஹோட்டலுக்குப் போனேன். பரிமாறிய பிள்ளைகளுக்கு முகத்தில் சிரிப்புக்குக் குறைவில்லை. ஆனால் எந்தப் பக்கத்தால் தட்டை எடுப்பது என்று சொல்லிக் கொடுக்க அருகில் ஒருவர் இல்லை. நரைத்த தலையோடு ஒரு முகாமையாளர் அறுபது மேசைக்கும் தானே ஓடிக்கொண்டிருந்தார்.

பிள்ளைகளைக் குறை சொல்ல மாட்டேன். 1983 இல் நாங்கள் திரும்பி வராத அந்தப் பாதிப் பேரின் இடத்தை நிரப்பப் பத்து வருடம் எடுத்தது. இம்முறை போனவர்கள் எல்லா இனத்தவரும், எல்லா மாவட்டத்தவரும். கட்டடத்துக்கு வங்கி கடன் கொடுக்கும். கொழும்பில் நூறு கோடி டொலருக்கு மேல் செலவழித்து சினமன் லைஃப் கட்டி 2024 இல் திறந்தார்கள், பார்க்கப் பிரமிப்பாகத்தான் இருக்கிறது. அதில் ஒவ்வொரு மாடிக்கும் ஒரு மேற்பார்வையாளர் வேண்டும். அவரை உருவாக்கப் பத்து வருடம் வேண்டும்.

கணக்குக்காரன் என்ற முறையில் எனக்குத் தோன்றுவது இரண்டு யோசனை. நல்ல மாதங்களின் சேவைக் கட்டணத்தில் ஒரு சிறு பங்கை ஊழியர் பெயரிலேயே ஒதுக்கிவைத்து, மெலிந்த மாதங்களில் அடிமட்டமாகக் கொடுக்கலாம். உடைந்த பீங்கானுக்கு ஒதுக்கத் தெரிந்த நமக்கு இது தெரியாததல்ல. இரண்டாவது, சேவைக் கட்டணத்தின் ஒரு பகுதிக்காவது சேமலாப நிதி கட்ட வேண்டும். இரண்டுக்கும் முதலாளி பெரிதாக இழக்கப் போவதில்லை. ஒரு நல்ல ஆளை இழந்து புதிதாக ஒருவரைப் பழக்கும் செலவை எந்த முகாமையாளரும் என்னை விட நன்றாக அறிவார்.

வரும் டிசம்பரில் ஊருக்கு வந்து ஹோட்டலில் தங்க இருக்கும் உறவினர்களுக்கும் ஒரு வேண்டுகோள். அறையில் ஒரு கருத்து அட்டை வைத்திருப்பார்கள். "எல்லாம் நன்று" என்று பொதுவாக எழுதிவிட்டுப் போகாதீர்கள். உங்கள் அறையைத் துப்புரவாக்கிய பிள்ளையின் பெயரைக் கேட்டு அதில் எழுதுங்கள். எங்கள் காலத்தில் அந்த அட்டை அவருடைய கோப்புக்குள் போகும், பதவி உயர்வுக்கு எடுக்கும்போது நாங்கள் அதைப் புரட்டிப் பார்ப்போம். இப்போதும் பல இடங்களில் அப்படித்தான் என்று சொல்கிறார்கள்.

பில்லில் அந்தப் பத்து வீதத்தைப் பார்த்தால் கோபப்படாதீர்கள். அது யாரோ ஒருவருடைய வீட்டுக் கடன் தவணை.