ஹாம்லெட்டைத் துரத்திய போலீஸ்காரர்

இன்னொகென்தி ஸ்மொக்துனோவ்ஸ்கி. ஒரே மூச்சில் சொல்லிவிட்டால் உங்களுக்கு ஒரு டீ, என் கணக்கில். இதில் வேடிக்கை, அது அவருடைய அசல் குடும்பப் பெயரே கிடையாது. ஸ்மொக்துனோவிச் என்பதுதான் அசல். பாதிக் கதை அந்தப் பெயர் மாற்றத்தில்தான் இருக்கிறது.

1925ல் சைபீரியாவில், தோம்ஸ்க் பக்கத்துக் கிராமத்தில் பிறந்தவர். 18 வயதில் போர்முனை. கூர்ஸ்க் சண்டையிலிருந்து உயிரோடு மீண்டவர், 1943 டிசம்பரில் கீவ் அருகே ஜெர்மானியர்களிடம் சிக்கினார். சுமார் ஒரு மாதத்தில் தப்பித்தார். ஓர் உக்ரைன் குடும்பம் தன் உயிரைப் பணயம் வைத்து அவரை ஒளித்து வைத்தது. பிறகு கொரில்லாப் படை, மறுபடி செஞ்சேனை, ஜெர்மனி வரை போனார்.

சினிமாவாக இருந்தால் இந்த இடத்தில் மாலையும் மேளமும்தான். ஸ்டாலின் நாட்டில் கணக்கே வேறு. 1941ல் வந்த 270ஆம் எண் உத்தரவு, சரணடைகிறவர்களைத் துரோகிகள் என்றது. தப்பி வந்தவனையும் "நீ மட்டும் எப்படிப் பிழைத்தாய்?" என்ற கேள்வி விடாது.

எந்த நேரமும் கைதாகலாம் என்ற பயத்தில் மனுஷன் செய்ததுதான் ஆச்சரியம். தானாகவே நோரில்ஸ்க் போய்விட்டார். ஆர்க்டிக் வட்டத்துக்கும் வடக்கே, முகாம் கைதிகளை வைத்து நிக்கல் தோண்டிய ஊர். அதற்கு மேல் அவரை எங்கே நாடு கடத்துவார்கள்! அங்கே இருந்த நாடக அரங்கில்தான் பெயரும் மாறியது.

அதே மேடையில் இன்னொரு நடிகர், கியோர்கி ஷ்ஷோனோவ். பொய்யான உளவு வழக்கில் 1938ல் கைதாகி, கோலிமா முகாமில் கிடந்து, விடுதலையாகி, 1949ல் மறுபடி கைதாகி நோரில்ஸ்குக்கு அனுப்பப்பட்டவர். இவர் பயந்துபோய் ஒளிந்த ஊரில் அவர் தண்டனையாக இருந்தார். இங்கேயே கிடக்காமல் கிளம்பு என்று இவரை உந்தியவரும் அவர்தான்.

அதற்கப்புறமும் உடனே ஒன்றும் நடந்துவிடவில்லை. மக்கச்கலா, ஸ்டாலின்கிராட், மாஸ்கோ என்று வேலை தேடி அலைச்சல். 1957 கடைசியில் லெனின்கிராடில் தொவ்ஸ்தனோகவ் இயக்கிய 'அசடன்' நாடகத்தில் மீஷ்கின் வேடம். ஒரே இரவில் புகழ். 1964ல் கோசின்த்செவின் 'ஹாம்லெட்'.

அந்தப் படத்தை அவசியம் பார்க்க வேண்டும். பாஸ்தர்நாக் மொழிபெயர்ப்பு, ஷோஸ்தகோவிச் இசை, அலையடிக்கும் கல்கோட்டை. சுற்றிலும் ஒற்றர்கள். மற்ற ஹாம்லெட்டுகள் போல இவர் முழங்குவதில்லை. புல்லாங்குழல் காட்சியில், தன்னை வேவு பார்க்க வந்த நண்பர்களிடம் என்னை வாசிக்க உங்களால் முடியாது என்று சொல்லும்போது குரல்கூட அதிகம் உயராது. வாயைத் திறந்தால் ஆபத்து என்று வருடக்கணக்கில் வாழ்ந்தவருக்கு அந்த அடக்கம் நடிப்புப் பள்ளியில் வந்திருக்காது என்பது என் கட்சி. 1965ல் லெனின் பரிசே கொடுத்தார்கள்!

ஆனால் எனக்கு அதைவிடப் பிடித்தது 1966ல் வந்த ரியாசனோவின் 'காரைக் கவனி'. நகைச்சுவைப் படம். தெத்தோச்கின் என்ற இன்சூரன்ஸ் ஏஜென்ட், லஞ்சப் பேர்வழிகளின் கார்களை மட்டும் திருடி விற்று, பணத்தை அநாதை இல்லங்களுக்கு அனுப்புகிறான். (பி.காம். இன்சூரன்ஸ் பேப்பரில் இவனை எந்தத் தலைப்பில் எழுதுவது என்று இன்னும் விளங்கவில்லை.) அமெச்சூர் நாடகக் குழு ஒன்றிலும் நடிக்கிறான். என்ன வேடம்? ஹாம்லெட்! வழக்கை விசாரிக்கும் அதிகாரியும் அதே குழுவில் லேயர்ட்டீஸ். இரண்டே வருடத்தில் தன் ஹாம்லெட்டைத் தானே கிண்டல் செய்ய எத்தனை பேருக்கு மனசு வரும்?

இந்தப் படத்தில் திருட்டுக் காரை மோட்டார் சைக்கிளில் துரத்துகிற டிராஃபிக் போலீஸ் ஒருவர் வருவார். சின்ன வேடம்தான். அதில் நடித்திருப்பவர் ஷ்ஷோனோவ்.

நோரில்ஸ்க் விஷயம் தெரியாமல் முதல் தடவை பார்த்தபோது அந்தத் துரத்தலுக்கு வெறுமனே சிரித்தேன். இரண்டாம் தடவை, நிறுத்தி நிறுத்தி, இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.