மருதனார்மடம் வரை ஒரு பயணம்

யாழ்ப்பாண நகரில் மினிபஸ் ஏறிக் காங்கேசன்துறை வீதி வழியே போனால் கொக்குவில், கோண்டாவில், இணுவில் என்று ஊர்கள் இடைவெளியின்றி வருகின்றன. ஏழெட்டுக் கிலோமீற்றர் கடந்ததும் மருதனார்மடச் சந்தி. ஆஞ்சநேயர் கோயிலும், பெண்பிள்ளைகளின் கல்விக்காக சேர் பொன்னம்பலம் இராமநாதன் 1913இல் நிறுவிய கல்லூரியும் இங்குதான் உள்ளன. சந்தியிலே மரக்கறிச் சந்தை. செம்மண் ஒட்டிய வெங்காயப் பிடிகள் குவிந்து கிடந்தன.

புத்தளத்திலிருந்து உம்மாவை அழைத்துப் போயிருந்தேன். "உன்ர வாப்பா சைக்கிளில வந்து இங்கதான் வெங்காயம் வாங்குவார்" என்றவாறே உம்மா ஒரு கடை முன் குந்தினார்.

"எங்கயிருந்து வாறியள் அம்மா?" என்று கேட்டார் வியாபாரம் செய்த பெண்மணி.

"சோனகதெரு" என்றார் உம்மா. முப்பது ஆண்டுகளுக்கு மேல் புத்தளத்தில் வாழ்ந்தும், கேட்டவுடன் வாயில் வந்தது அந்தப் பெயர்தான்!

1990 ஒக்டோபர் 30ஆம் திகதி, இரண்டு மணி நேரத்துக்குள் வெளியேறும்படி யாழ்ப்பாண முஸ்லிம்களுக்கு விடுதலைப் புலிகள் கட்டளையிட்டார்கள். நகைகளும் பணமும் பறிக்கப்பட்டன. உடுத்த உடுப்போடும் கையில் கொஞ்சக் காசோடும் மக்கள் நடந்தார்கள். அந்த மாதத்தில் வட மாகாணம் முழுவதிலுமிருந்து துரத்தப்பட்ட முஸ்லிம்கள் ஏறத்தாழ 75,000 பேர். பெரும்பாலோருக்குப் புத்தளத்து ஓலைக் கொட்டில்களே வீடாயின.

"நாங்களும் 95இல போனனாங்கள்தானே அம்மா. அதே ஒக்டோபர் முப்பதுதான்" என்றார் அந்தப் பெண்மணி.

உண்மைதான். சரியாக ஐந்து ஆண்டுகள் கழித்து, 1995இல் அதே நாளில், இராணுவம் முன்னேறி வர, புலிகளின் உத்தரவால் வலிகாமம் முழுவதும் வெறிச்சோடியது. இலட்சக்கணக்கானோர் நாவற்குழிப் பாலத்தைக் கடந்து தென்மராட்சிக்குப் போனார்கள்.

"ஆனா நாங்கள் அடுத்த சித்திரைக்கே திரும்பி வந்திட்டம். நீங்கள்தான் பாவம்" என்று சொல்லி, உம்மாவின் பையில் ஒரு பிடி வெங்காயம் கூடவே போட்டார்.

மினிபஸ்ஸில் திரும்பும்போது அந்தச் சொல்லே மனதில் ஓடியது. ஆறு மாதத்தில் திரும்பியவருக்கு வீடு காத்திருந்தது. இதே வீதியில் இன்னும் வடக்கே, 1990இல் பெயர்ந்த வலிகாமம் வடக்கு மக்கள் சுன்னாகம், மல்லாகம் முகாம்களில் பிள்ளை பெற்று, பேரப்பிள்ளையும் கண்டார்கள். காலம் நீளநீள வீடு மனிதரை மறந்துவிடுகிறது.

சோனகதெருவில் அதைக் கண்ணாலே கண்டோம். 2002இல் ஏ-9 பாதை திறந்தபோது பலர் வந்து பார்த்தார்கள். ஓரளவுக்காவது குடியேறத் தொடங்கியது 2009இல் போர் முடிந்த பின்னரே. அதற்குள் கூரைகளும் கதவுகளும் போய், சுவரில் மரம் முளைத்திருந்தது. எங்கள் வளவிலும் கிணறு மட்டுமே மிச்சம்.

நம் வழக்கப்படி அந்த வீடு உம்மாவுக்கும் சாச்சிக்கும் சீதனமாக எழுதப்பட்டது. முகாமில் இருந்தபோது மகளின் கலியாணத்துக்காகச் சாச்சி தன் பங்கை வந்த விலைக்கு விற்றார். இன்று அந்தப் பணத்துக்கு அங்கே ஒரு வாசற்படி அகலமும் வாங்க முடியாது. சாச்சியின் பிள்ளைகள் திரும்பி வர விரும்பினாலும் காணி இல்லை. காணி இல்லாதவர் வீட்டுத் திட்டத்தில் சேர்வதும் கடினம். முதலில் துப்பாக்கி துரத்தியது. இப்போது காணி விலை வாசலை மறிக்கிறது.

சகோதரிகளே, ஒருவர் காணியில் இன்னொருவர் பத்து ஆண்டுகள் தடையின்றி இருந்தால் உரிமை கோரலாம் என்பது இலங்கைச் சட்டம். போரினால் வெளியேறியவர்களுக்காக 2016இல் சிறப்புச் சட்டம் வந்தது. அதன் பயனைப் பெற இரண்டு ஆண்டுகளுக்குள் வழக்குத் தொடுத்திருக்க வேண்டும். தகரப் பெட்டியில் உறுதி பத்திரமாக இருந்தும், இதை எங்கள் வீட்டில் யாரும் அறிந்திருக்கவில்லை.

வீடு பெண்ணின் பெயரில். உறுதியை வாசிப்பது மட்டும் ஆண்களின் வேலையா? இன்றே எடுத்துப் பாருங்கள். நாலு எல்லைகளையும் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுங்கள். அவசரத்துக்கு விற்குமுன் ஒருவருக்கு இருவரிடம் கேளுங்கள்.

புத்தளம் வந்ததும் உம்மா அந்த வெங்காயத்தில் நாலைந்தைத் தனியே எடுத்து வைத்தார்.

"சமைக்கவில்லையா உம்மா?"

"அங்க கிணத்தடியில நடவேணும், மகள்" என்றார். இன்ஷா அல்லாஹ்.