சிங்காரவேலரும் நம்மூர்த் தொழிலாளரும்

நெய்வேலி நகரியத்தை ஒட்டிய வடக்குத்தில் வாழும் நமக்கு, ஷிப்டு மாறும் நேரமே கடிகாரம். நிரந்தரத் தொழிலாளியும் ஒப்பந்தத் தொழிலாளியும் இங்கே ஒரே தேநீர்க் கடையில் அமர்கின்றனர். செய்யும் பாடும் ஏறத்தாழ ஒன்றே. பெறும் ஊதியம் மட்டும் வேறு. “நமக்கென்று பேச யார் இருக்கிறார்?” என்னும் வினாவை அங்கே கேட்கும்போதெல்லாம் ம. சிங்காரவேலரின் நினைவு நமக்கு எழுகிறது.

1860-இல் சென்னை மீனவர் குடியில் பிறந்தவர் அவர். வழக்கறிஞராய் நல்ல வருவாய் ஈட்டியவர், 1921-இல் ஒத்துழையாமை இயக்கத்தின்போது வழக்கறிஞர் அங்கியைத் தீயிலிட்டார். அதே ஆண்டில் பக்கிங்காம் கர்நாட்டிக் ஆலைத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தனர். ஆனால் புளியந்தோப்பில் தொழிலாளரே சாதி, சமயத்தின் பெயரால் பிளவுண்டு மோதிக்கொண்டனர். பல மாதங்கள் நீண்ட போராட்டம் தோல்வியில் முடிந்தது. பசியை விடப் பிளவே தொழிலாளிக்குப் பெரும் பகை என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் நிகழ்ச்சி வேறுண்டோ?

1923 மே முதல் நாள் சென்னைக் கடற்கரையில் இந்தியாவின் முதல் மே தினக் கூட்டத்தை நடத்தி, தொழிலாளர்க்கும் உழவர்க்கும் தனிக்கட்சி ஒன்றை அவர் தொடங்கினார். காங்கிரசில் இருந்துகொண்டே 1922-இல் கயாவில் தம்மைப் பொதுவுடைமையாளர் என அறிவித்தவர். 1925 டிசம்பரில் கான்பூர் பொதுவுடைமை மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவர். சென்னை மாநகராட்சி உறுப்பினராகவும் விளங்கியவர். பின்னர் சுயமரியாதை இயக்கத்தோடு நின்று ‘குடி அரசு’ இதழில் எழுதியவர். எந்த மேடையில் ஏறினும் தொழிலாளியின் வழக்கை அவர் கீழே வைத்துவிட்டு ஏறவில்லை. இதனையே நாம் சுயேச்சை என்கிறோம். கட்சியின்றி நிற்பது மட்டும் சுயேச்சையாகிவிடாது.

1928 ஜூலையில் தென்னிந்திய ரயில்வேத் தொழிலாளர் ஆட்குறைப்பை எதிர்த்து வேலைநிறுத்தம் செய்தபோது அவருக்கு வயது 68. ஓய்வு கொள்ளும் வயதில் சிறை சென்றார். பத்தாண்டுத் தண்டனை விதிக்கப்பட்டு, 1930-இல் விடுதலையானார். அந்தப் போராட்டமும் வெல்லவில்லை. ஆயினும், தோற்றவர்களை விட்டு விலகாத தலைவர் ஒருவர் இருந்தார் என்பது சிறிய செய்தியன்று.

1946 பிப்ரவரியில் அவர் மறைந்தார். நெய்வேலி நிலக்கரி நிறுவனம் தோன்றியது 1956-இல். இந்தச் சுரங்கங்களை அவர் கண்டதில்லை. எனினும் அவர் வாழ்வு இவ்வூருக்கு ஓர் அளவுகோலைத் தந்திருக்கிறது. நிரந்தரமானவர் ஒப்பந்தத் தொழிலாளியைத் தம்மினும் தாழ்ந்தவராய்க் கருதும் வரை, புளியந்தோப்பின் தோல்வி இங்கும் தொடரும். வாக்குக் கேட்டு வருவோரின் கொடியின் நிறத்தைப் பார்ப்பதற்கு முன், “ஒப்பந்தத் தொழிலாளியின் பொருட்டு இதுவரை என்ன இழந்தீர்?” என்று கேட்போம். அதே வினாவை, நிரந்தர வேலையும் குடியிருப்பும் பெற்றுவிட்ட நம் உறவினரிடமும் கேட்கத் தயங்கலாகாது.