இரண்டாம் இடத்தில் ஒருவர்

அமெரிக்கக் கால்பந்தை நாம் பார்ப்பது அரிது. பார்த்தாலும் பந்தோடு ஓடுபவனையே நம் கண்கள் தொடர்கின்றன. அவனைத் தடுத்து நிறுத்துவதிலேயே வாழ்நாளைக் கழித்தவர் பட் ஃபாஸ்டர். 1987இல் தலைமைப் பயிற்சியாளர் ஃபிராங்க் பீமருடன் வர்ஜீனியா டெக் பல்கலைக்கழகத்துக்கு வந்தார். 1995 முதல் 2019 வரை அதன் தடுப்பாட்டம் அவர் பொறுப்பில் இருந்தது. சுரங்கத் தொழிலாளி கொண்டுபோவது போன்ற, நசுங்கிய சாப்பாட்டுப் பெட்டி ஒன்றுதான் அவரது வீரர்களின் கொடி. நன்கு உழைத்தவனே அதைச் சுமக்கலாம். 2007 ஏப்ரலில் அவ்வளாகத்தில் 32 பேர் சுட்டுக் கொல்லப்பட்டனர். அவ்வாண்டு அப்பெட்டி அவர்களது பெயர்களைச் சுமந்தது.

சிறந்த உதவிப் பயிற்சியாளருக்கான பிராய்ல்ஸ் விருது 2006இல் கிடைத்தது. தலைமைப் பதவி எங்கும் கிடைக்கவில்லை. 2015இல் பீமர் ஓய்வுபெற்றபோது வெளியிலிருந்து, வயதில் மிக இளையவரான ஜஸ்டின் ஃபுவென்டே அழைக்கப்பட்டார். ஃபாஸ்டர் அவரிடமும் உதவியாளராக நீடித்தார். இதை விசுவாசம் என்று எழுதிக் கடந்துவிடலாம். நமக்கு மனம் ஒப்பவில்லை. அந்த நான்காண்டுகளில் எத்தனை விழுங்கல்களோ!

2019 டிசம்பர் 31இல் அவரது கடைசி ஆட்டம். 15 விநாடிகள் எஞ்சியிருக்கையில் அவரது தடுப்பை உடைத்து முன்னிலை பெற்றது கென்டக்கி.